அறியாமை மாசின்மை ஆகாது



2000ஆம் ஆண்டில் வெளிவந்த 'சேவிங் கிரேஸ்' என்ற பிரித்தானிய நகைச்சுவைத் திரைப்படத்தைப் பார்த்து மனம்விட்டுச் சிரித்தவர்களுள் நானும் ஒருவன். இங்கிலாந்தின் கார்ன்வால் கடலோரச் சிற்றூரில் வாழும் கிரேஸ் என்னும் கைம்பெண், கணவன் விட்டுச்சென்ற கடனை அடைப்பதற்காக, மலர்ச்செடிகள் வளர்த்த கண்ணாடிக் குடிலிலே கஞ்சா பயிரிடுகிறாள். விளைந்ததை விற்கத் தூய வெள்ளாடை அணிந்து இலண்டன் தெருக்களில் ஆள் தேடுகிறாள். ஊரில் கடை நடத்தும் இரு மூதாட்டியரோ அவ்விலையைத் தேயிலை என்றெண்ணிக் காய்ச்சிக் குடித்துவிட்டு, விழுந்து விழுந்து சிரிக்கின்றனர்.

நாம் ஏன் சிரிக்கிறோம்? அவர்களுக்குத் தெரியாதது நமக்குத் தெரியும் என்ற எண்ணத்தினால் அன்றோ! உண்மையிலேயே நமக்குத் தெரியுமா?

கஞ்சாவின் போதைப்பொருள் நீரில் கரைவது அரிது. கொழுப்பிலேயே நன்கு கரையும். ஆகவே தேநீரைவிட, வெண்ணெய் சேர்ந்த கேக்கில்தான் அது எளிதாய் ஒளிந்திருக்கும். புகைத்தால் சில நிமிடங்களில் ஏறும் மயக்கம், உண்டால் அரை மணி முதல் இரண்டு மணி நேரம்வரை தாமதிக்கலாம். "ஒன்றும் செய்யவில்லையே" என்று மேலும் உண்பவர் அளவு மீறி வீழ்கிறார்.

நம் உறவுகள் பலர் வாழும் கனடாவில் 2018இல் கஞ்சாவும், 2019இல் அது கலந்த உண்பண்டங்களும் சட்டபூர்வமாக்கப்பட்டன. அதன்பின், மிட்டாய் என நினைத்து அவற்றை உண்டு மருத்துவமனை சேர்ந்த சிறு குழந்தைகளின் தொகை கூடியது. மூதாட்டியர் செய்த அதே தவறுதான். ஆனால் இங்கே சிரிப்பதற்கு எவருமில்லை.

புறாவைப் போல் கபடற்றிருக்கச் சொன்ன ஆண்டவர், பாம்பின் விவேகத்தையும் சேர்த்தே கேட்டார். நாமோ முதற்பாதியோடு நின்றுவிடுகிறோம். பிள்ளை புதியதொரு சொல்லை வீட்டிற்குக் கொண்டுவந்தால், "இதை எங்கே பழகினாய்?" என்று சீறுகிறோம். அடுத்த முறை அவன் நம்மிடம் வரமாட்டான்; எல்லாம் தெரிந்தவன்போல் பேசும் தோழனிடமே போவான்.

பெற்றோரே, "எனக்குத் தெரியாது, நீயே சொல்லித் தா" என்று கேட்பது இழுக்கன்று. இன்றிரவு செபம் முடிந்தபின் அப்படி ஒரு கேள்வியைக் கேட்டுப் பாருங்கள். பதில் வரும்வரை கோபத்தை அடக்கிப் பொறுத்திருங்கள்.