மறுமதிப்பீடு ரிசல்ட் இழுத்தடிப்பு: கோர்ட்டில் எதைக் கேட்டால் கிடைக்கும்?

பணம் கட்டியாச்சு, விண்ணப்பமும் கொடுத்தாச்சு. மறுமதிப்பீட்டு ரிசல்ட் மட்டும் வந்தபாடில்லை. அதற்குள் அடுத்த செமஸ்டர் அரியர் பீஸ் கட்ட கடைசி தேதி வந்து நிற்கிறது. பாஸா, பெயிலா என்று தெரியாமலே மறுபடியும் பணம் கட்ட வேண்டிய நிலை. கூலி வேலை பார்த்து பிள்ளையைப் படிக்க வைப்பவருக்கு இது இரட்டைத் தண்டம். கேம்பஸ் இன்டர்வியூவில் தேர்வானவர் பாடு இன்னும் மோசம். சான்றிதழ் இல்லாவிட்டால் வேலையே கைநழுவிப் போகலாம்.

"கன்ஸ்யூமர் கோர்ட்டில் கேஸ் போடு" என்று அக்கம்பக்கத்தில் யோசனை சொல்வார்கள். அங்கே போவது வீண் அலைச்சல். பீகாரில் ஒரே ரோல் நம்பரை 2 பேருக்குக் கொடுத்துவிட்டதால் ஒரு மாணவருக்கு ரிசல்ட் வரவில்லை. நுகர்வோர் மன்றங்கள் நஷ்டஈடு கொடுக்கச் சொல்லின. ஆனால் 2009-ல் சுப்ரீம் கோர்ட்டு அதை ரத்து செய்துவிட்டது. தேர்வு எழுதுபவர் நுகர்வோர் அல்ல என்பது தீர்ப்பு.

சரியான இடம் ஐகோர்ட்டுதான். அரசியல் சட்டம் 226-வது பிரிவில் ரிட் மனு போடலாம். தென் மாவட்டத்துக்காரர்களுக்கு மதுரைக் கிளை இருக்கிறது. ஆனால் அங்கே என்ன கேட்கிறோம் என்பதுதான் முக்கியம். "எனக்கு 10 மார்க் கூடப் போடுங்கள்" என்றால் எடுபடாது. விடைத்தாள் திருத்துவது கோர்ட்டு வேலையல்ல என்று 2018-லும் சுப்ரீம் கோர்ட்டு அழுத்திச் சொல்லியிருக்கிறது. "என் விண்ணப்பத்துக்கு இத்தனை வாரத்துக்குள் முடிவு சொல்ல உத்தரவிடுங்கள்" என்று கேட்டால் கதை வேறு. பல்கலைக்கழகம் தன் கடமையைச் செய்யாமல் இருந்தால் செய்யச் சொல்லும் அதிகாரம் ஐகோர்ட்டுக்கு உண்டு.

அதற்கு முன்னால் தேர்வுக் கட்டுப்பாட்டு அதிகாரிக்கு எழுத்து மூலம் மனு கொடுத்திருக்க வேண்டும். நேரில் போய் கெஞ்சியதெல்லாம் கணக்கில் வராது. ஸ்பீடு போஸ்ட் ரசீது, பணம் கட்டிய சலான் எல்லாம் பத்திரம்!

தகவல் உரிமைச் சட்டமும் கைகொடுக்கும். திருத்திய விடைத்தாளைப் பார்க்கவும், ஜெராக்ஸ் வாங்கவும் மாணவருக்கு உரிமை உண்டு என 2011-ல் சுப்ரீம் கோர்ட்டு சொல்லிவிட்டது. 10 ரூபாய் கட்டணத்தில் மனு போட்டால் 30 நாளில் பதில் தர வேண்டும். தாள் எந்த தேதியில் திருத்தப் போனது, ஏன் தாமதம் என்றும் கேட்கலாம். திருத்தியவர் பெயரை மட்டும் தர மாட்டார்கள். பதில் வராவிட்டால் 30 நாளுக்குள் மேல்முறையீடு. காரணமில்லாமல் இழுத்தடித்த தகவல் அதிகாரிக்கு நாளுக்கு 250 ரூபாய் வீதம், 25 ஆயிரம் வரை அபராதம் போட தகவல் ஆணையத்துக்கு அதிகாரம் இருக்கிறது.

இதில் ஒரு சிக்கல். விடைத்தாளை எத்தனை மாதம் வைத்திருப்பது என்று பல்கலைக்கழகங்களுக்கு விதி உண்டு. அந்தக் கெடு முடிந்து தாளை அழித்துவிட்டால் 2011 தீர்ப்பும் உதவாது. அதனால் மனுவை உடனே போட்டுவிடுவது நல்லது.

வக்கீல் பீஸுக்கு எங்கே போவது? பெண்கள், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகளுக்கு வருமானம் பார்க்காமலே இலவச வக்கீல் உண்டு. மற்றவர்களுக்கு வருமான வரம்பு இருக்கிறது. மாவட்ட கோர்ட்டு வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் கேட்டால், ஐகோர்ட்டு கேஸுக்கும் வழி சொல்வார்கள்.