பலகை மேல் ஏறட்டும்

நாய்களுக்கான தடைதாண்டல் ஆட்டம் 1978இல் லண்டன் கிரஃப்ட்ஸ் நாய்க் கண்காட்சியில், குதிரைத் தடைதாண்டல் போட்டியைப் பார்த்து உருவானது. நம் நானுஓயா தோட்ட லயத்து நாய்க்குக் கண்காட்சிச் சாமான்கள் வேண்டாம். ஓரடி அகலப் பலகை, நாலு செங்கல், பழைய டயர் போதும். ஆனால் நம் மழைக்கும் பனிமூட்டத்துக்கும் வெறும் பலகை வழுக்கும். பலகைக்குப் பெயின்ட் அடித்து, ஈரமாக இருக்கும்போதே மணலைத் தூவுங்கள்; அது காயும் முன் நாயை ஏற்றவே கூடாது. முதல் சில நாள் பலகை தரையிலேயே கிடக்கட்டும், பிறகுதான் செங்கல். ஒரு வயது நிரம்பாத குட்டியை உயரம் தாண்டவைப்பது பெரிய தவறு: எலும்பு இன்னும் வளர்கிறது, மூட்டு கெட்டுவிடலாம். சிறுத்தைக்குப் பயந்து இரவில் நாயைக் கட்டுகிறோம், சரி. பகலிலும் ஏன் சங்கிலி? தினமும் கால்மணி நேரமாவது அவிழ்த்துவிட்டுப் பலகைப் பக்கம் கூட்டிப் போங்கள்.