பங்குனி அறுவடையும் பர்மா உளுந்தும்

காவிரி டெல்டாவில் சம்பா நெல்லை அறுக்க ஒரு வாரம், பத்து நாள் இருக்கும்போதே வயலில் உளுந்தைத் தெளித்துவிடுவார்கள். தனியாக உழவு கிடையாது, தண்ணீர் பாய்ச்சுவதும் கிடையாது. நெல் குடித்து மிச்சம் வைத்த ஈரத்திலேயே முளைத்து, தைப்பனியில் வளர்ந்து, பங்குனியில் கைக்கு வந்துவிடும். வங்கக் கடலுக்கு அந்தப் பக்கம் மியான்மரின் ஐராவதி, பகோ சமவெளிகளிலும் இதே நடைமுறைதான். மழைக்கால நெல் ஒழிந்த வயலில், மிச்ச ஈரத்தில் உளுந்து போடுகிறார்கள். மாசி, பங்குனியில் அறுக்கிறார்கள். ஆனால் அங்கே உளுந்தை விரும்பிச் சாப்பிடுகிறவர்கள் குறைவு. விளைவதில் பெரும்பகுதி இந்தியாவுக்குக் கப்பலேறுவதற்கென்றே விளைகிறது. ஆக, திருவாரூர்க்காரரின் உளுந்தும் பகோக்காரரின் உளுந்தும் ஏறக்குறைய ஒரே மாதத்தில், ஒரே சந்தைக்கு வந்து நிற்கின்றன. விருதுநகர் மண்டியில் இரண்டும் அடுத்தடுத்த மூட்டைகளாகவே அடுக்கப்பட்டிருக்கும். 'நாட்டு உளுந்துதான் மாவு காணும்' என்று இல்லத்தரசிகள் சொல்வது உண்மைதான். ஆனால் விலை பேசும்போது வியாபாரி கையில் எடுத்துக் காட்டுவது பர்மா உளுந்தின் விலையை.

இந்தப் பின்னணியில் 2026 மார்ச் 31 என்ற தேதியைக் கவனிக்க வேண்டும். உளுந்தையும் துவரையையும் எந்த அளவுக் கட்டுப்பாடும் இல்லாமல் இறக்குமதி செய்யலாம் என்று 2021 மே மாதத்தில் மத்திய அரசு கதவைத் திறந்தது. அதன் பிறகு ஆண்டுதோறும் நீட்டிப்புதான். இப்போதைய நீட்டிப்பு அந்தத் தேதியில் முடிகிறது. மியான்மரிடமிருந்து ஆண்டுக்கு 2.5 லட்சம் டன் உளுந்தும் 1 லட்சம் டன் துவரையும் வாங்குவதற்கான ஐந்தாண்டுப் புரிந்துணர்வு ஒப்பந்தமும் 2025-26 நிதியாண்டோடு முடிகிறது. இரண்டையும் வழக்கம்போல் ஒரு அறிவிக்கையில் நீட்டித்துவிட்டு டெல்லி அடுத்த வேலையைப் பார்க்கப் போகக்கூடும். அப்படிச் செய்யக் கூடாது என்பதே நம் நிலைப்பாடு. டெல்டா உழவர் உளுந்தைப் பிடுங்கிக் களத்தில் போட்டிருக்கும் வாரத்தில் வெளிவரும் அந்த அறிவிக்கை, அவர் விளைச்சலின் விலையை முன்கூட்டியே வெட்டிவிடும்.

பருப்பு வகைகளை உலகிலேயே அதிகம் விளைவிப்பதும், அதிகம் உண்பதும், அதிகம் இறக்குமதி செய்வதும் நம் நாடுதான். முதல் இரண்டில் பெருமை கொள்ளலாம். மூன்றாவது ஆண்டுக்கு ஆண்டு கனத்துக்கொண்டே வருகிறது. 2024-25இல் சுமார் 73 லட்சம் டன் இறக்குமதி ஆயிற்று. வரலாற்றில் இவ்வளவு வந்ததில்லை. முந்தைய உச்சம் 2016-17இல் 66 லட்சம் டன். உளுந்தை மட்டும் எடுத்துக்கொண்டால் படம் இன்னும் தெளிவாகத் தெரியும். 2017-18இல் நாட்டில் ஏறத்தாழ 35 லட்சம் டன் விளைந்தது. 2023-24இல் அது 23 லட்சம் டன்னாகச் சுருங்கிவிட்டது. ஆறே ஆண்டுகளில் மூன்றில் ஒரு பங்கு போயிற்று. இட்லி, தோசை சாப்பிடுகிறவர்கள் இந்தக் காலத்தில் குறைந்துவிடவில்லை. குறைந்தது உழவரின் நம்பிக்கை.

அது எப்படிக் குறைந்தது என்பதற்குப் பத்தாண்டுக்கு முந்தைய துவரையின் கதையே போதும். தொடர்ந்து இரண்டு ஆண்டுகள் மழை பொய்த்ததால் 2015 அக்டோபரில் துவரம் பருப்பு கிலோ 200 ரூபாயைத் தொட்டது. ஹோட்டல்களில் சாம்பார் தண்ணீரானது. அரசு பதறிப்போய், பருப்பு விதையுங்கள் என்று விவசாயிகளிடம் கேட்டது; ஆதரவு விலையை உயர்த்தியது. அவர்களும் விதைத்தார்கள். முந்தைய ஆண்டு 25 லட்சம் டன்னாக இருந்த துவரை விளைச்சல் 2016-17இல் 48 லட்சம் டன்னைத் தாண்டியது. கேட்டதைவிட அதிகமாகவே கொடுத்தார்கள். பதிலுக்கு அவர்களுக்குக் கிடைத்தது என்ன? அதே ஆண்டில்தான் அந்த 66 லட்சம் டன் இறக்குமதியும் வந்து இறங்கியது. போனஸ் சேர்த்துக் குவிண்டாலுக்கு 5,050 ரூபாய் என்று அறிவிக்கப்பட்டிருந்த துவரை, கர்நாடகத்தின் கலபுரகியிலும் மகாராஷ்டிரத்தின் லாத்தூரிலும் அதற்கு வெகு கீழே விலைபோனது. வெளிநாட்டுக்கு அனுப்பலாம் என்றால், 2006இல் போட்ட ஏற்றுமதித் தடை அப்போதும் அமலில் இருந்தது. இறக்குமதிக்கு உச்சவரம்பு வந்தது 2017 ஆகஸ்டில். அதற்குள் சிறு விவசாயி விற்று, கடன் அடைத்து, மீதிக் கடனோடு வீடு திரும்பியிருந்தார். ஏற்றுமதித் தடை நீங்கியது அதற்கும் பிறகு.

இந்தத் தடுமாற்றம் நம் உழவரை மட்டும் பாதிக்கவில்லை என்பதையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். 2016 ஜூலையில் பிரதமர் மொசாம்பிக் சென்றபோது, அந்நாட்டிலிருந்து துவரை வாங்க ஒப்பந்தம் ஆனது. அங்கே துவரை பெரும்பாலும் சிறு விவசாயிகளின் பயிர். இந்தியா வாங்கும் என்று நம்பி விதைத்தவர்கள், மறு ஆண்டே 2 லட்சம் டன் என்ற நம் உச்சவரம்பைக் கண்டு திகைத்தார்கள். விலை சரிந்தது. அதே ஆகஸ்டில் உளுந்துக்கும் பாசிப்பயறுக்கும் சேர்த்து 3 லட்சம் டன் என்று வரம்பு கட்டியபோது மியான்மர் விவசாயிகளுக்கும் அதே அடி. உள்ளூர் விவசாயியையும் காப்பாற்றாமல், வெளியூர் விவசாயியையும் ஏமாற்றும் கொள்கைக்கு என்ன பெயர் வைப்பது?

பாடம் படித்தோமா என்றால், மஞ்சள் பட்டாணியைப் பாருங்கள். 2017 நவம்பரில் அதற்கு 50 சதவீத இறக்குமதி வரி. 2023 டிசம்பரில் வரி அடியோடு நீக்கம். மூன்று மாதம், நான்கு மாதம் என்று நீட்டித்து நீட்டித்து, 2025 நவம்பர் 1 முதல் மீண்டும் 30 சதவீதம். இடையில் 2024-25இல் மட்டும் கனடாவிலிருந்தும் ரஷ்யாவிலிருந்தும் 20 லட்சம் டன்னுக்கு மேல் வந்துவிட்டது. கொண்டைக்கடலையின் ஆதரவு விலை குவிண்டாலுக்கு 5,650 ரூபாயாக இருக்க, பட்டாணி 4,000 ரூபாய்க்கும் கீழே கிடைத்தது. விலை இவ்வளவு குறைந்தால் அது பட்டாணியாகவே இருந்துவிடாது. மாவாகிக் கடலை மாவுக்குள் புகும், உடைந்து பருப்பு வரிசையில் நிற்கும். (எந்தக் கடையின் பஜ்ஜியில் எது இருக்கிறது என்ற ஆராய்ச்சியை உணவுப் பாதுகாப்புத் துறையிடம் விட்டுவிடுவோம்.) ஒரு பருப்பின் விலை விழுந்தால் மற்றதும் கூடவே விழும். பட்டாணிக்கு வரி போட்டதை வரவேற்கிறோம். ஆனால் கப்பல்கள் இறக்கிவிட்டுப் போன பிறகு போடப்பட்ட வரி அது.

எதிர்வாதம் நமக்குத் தெரியாததல்ல. பருப்பு விலை ஏறினால் முதலில் அடிபடுவது கூலிவேலைக்காரரின் அடுப்பு. ஏழைக்குக் கிடைக்கும் புரதத்தில் பருப்புக்கு முக்கியப் பங்கு உண்டு. உள்நாட்டு விளைச்சல் போதாதபோது இறக்குமதி செய்யாமல் வேறென்ன செய்வது என்று அரசு கேட்கலாம். நியாயமான கேள்வி. இறக்குமதியே கூடாது என்று நாமும் சொல்லவில்லை. ஆனால் நுகர்வோரைக் காப்பதாகச் சொல்லி விவசாயியின் விலையை அடித்தால், அந்தப் பலன் நுகர்வோருக்குப் போய்ச் சேருகிறதா? 2025-26க்கு உளுந்தின் ஆதரவு விலை குவிண்டாலுக்கு 7,800 ரூபாய், அதாவது கிலோ 78 ரூபாய். அந்தப் பருவத்தில் வட மாநிலச் சந்தைகள் பலவற்றில் உழவருக்கு அதுவும் கிடைக்கவில்லை. மளிகைக் கடையில் உருட்டு உளுந்து கிலோ நூறு ரூபாய்க்கு மேல்தான் விற்கிறது. தோல் நீக்கும்போது போகும் கழிவையும், ஆலைச் செலவையும், வண்டி வாடகையையும் கழித்தாலும், களத்தில் விழும் விலை அதே வேகத்தில் கடைப் பலகையில் விழுவதில்லை என்பதை எந்தக் குடும்பத் தலைவியும் சொல்வார்.

ஏழை வீட்டுக்குப் பருப்பு போய்ச்சேர வேறு வழி உண்டு. தமிழ்நாடு அதை 2007 முதல் செய்து காட்டுகிறது. சிறப்புப் பொது விநியோகத் திட்டத்தில் ரேஷன் கடையில் துவரம் பருப்பு கிலோ 30 ரூபாய்க்குக் கிடைக்கிறது. சந்தை விலை 200 ரூபாய்க்குப் போன நாட்களிலும் அட்டைதாரருக்கு அது 30 ரூபாய்தான். சில மாதங்களில் வரத்து தாமதமாகி வரிசையில் நிற்பவர்கள் திட்டியதும் உண்டு. ஆனாலும் வழி சரியானது. நுகர்வோருக்கான மானியத்தை அரசின் கருவூலம் ஏற்க வேண்டும், உழவரின் களம் ஏற்கக் கூடாது.

அப்படியானால் என்ன செய்யலாம்? சுங்கவரியை உயர்த்து என்று சொல்லி முடித்துவிடுவது எளிது. ஆனால் மியான்மர், மொசாம்பிக், மலாவி போன்ற வளர்ச்சி குன்றிய நாடுகளுக்கு இந்தியா ஏற்கெனவே வரிச்சலுகை தருகிறது. வரியைக் கூட்டினாலும் அந்த வாசல் வழியாகச் சரக்கு வரும். உளுந்தைப் பொறுத்தவரை அளவும் காலமும்தான் நம் கையில் இருக்கும் கருவிகள். மியான்மருடன் புதிய ஒப்பந்தம் போடுங்கள், பழைய 2.5 லட்சம் டன்னையே வைத்துக்கொள்ளுங்கள். தேவை இருந்தால் சற்றுக் கூட்டவும் செய்யலாம். ஆனால் சரக்கு ஆடி முதல் ஐப்பசி வரை, உள்ளூர் வரத்து மெலிந்திருக்கும் மாதங்களில் துறைமுகத்துக்கு வரட்டும். மாசி முதல் சித்திரை வரை சென்னைத் துறைமுகத்திலும் தூத்துக்குடியிலும் உளுந்துக் கப்பலுக்கு வேலை இருக்கக் கூடாது. இந்த அட்டவணையை விதைப்புக்கு முன் அறிவித்து, அறுவடை முடியும்வரை ஒரு வரியும் மாற்றாமல் வைத்திருக்க வேண்டும். வியாபாரிக்கும் இது நல்லதுதான். நள்ளிரவு அறிவிக்கையால் சரக்கு நடுக்கடலில் மாட்டிக்கொள்ளும் பயம் அவருக்கும் இருக்காது. மியான்மர் விவசாயியும் எவ்வளவு போடலாம் என்று கணக்குப் பார்த்து விதைப்பார்.

இறக்குமதியை முறைப்படுத்துவது பாதி வேலைதான். மீதி கொள்முதலில் இருக்கிறது. 2016இல் அப்போதைய தலைமைப் பொருளாதார ஆலோசகர் அரவிந்த் சுப்பிரமணியன் அளித்த அறிக்கையில் ஒரு முக்கியமான கருத்து உண்டு. பயறு வகைகள் மண்ணில் தழைச்சத்தைச் சேர்க்கின்றன, தண்ணீரை மிச்சப்படுத்துகின்றன. இந்தச் சமூகப் பலனையும் கணக்கிட்டே ஆதரவு விலையை நிர்ணயிக்க வேண்டும் என்றார் அவர். 20 லட்சம் டன் இருப்பு வைக்கவும் பரிந்துரைத்தார். விலைகள் பிறகு உயர்ந்தன, மறுக்கவில்லை. ஆனால் விலை அறிவிப்பு வேறு, வாங்குவது வேறு. நெல்லுக்கு ஊருக்கு ஊர் நேரடிக் கொள்முதல் நிலையம் உண்டு, குறைகள் ஆயிரம் இருந்தாலும். உளுந்துக்காரர் சிட்டா, அடங்கல், ஆதார், வங்கிப் புத்தகம் எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு ஒழுங்குமுறை விற்பனைக் கூடத்துக்குப் போக வேண்டும். ஈரப்பதம் 12 சதவீதத்தைத் தாண்டினால் திரும்பி வர வேண்டும். காயவைக்கக் களம் இல்லாமல் தார்ச்சாலையில் போட்டு டிராக்டரை ஓட்டி அடிக்கிறவர்களிடம் ஈரப்பதக் கருவியை நீட்டுகிறோம். அறுவடைக்கும் கொள்முதல் தொடங்குவதற்கும் இடையில் இரண்டு வாரம் போனாலே, கையில் காசில்லாதவர் வாசலுக்கு வரும் வியாபாரியிடம் கொடுத்துவிடுகிறார்.

இதில் மாநில அரசின் பங்கையும் மறைக்க முடியாது. டெல்டாவில் நெல் தரிசு உளுந்தின் பரப்பு சுருங்கியதற்குப் பர்மா உளுந்தை மட்டும் குற்றம் சொன்னால் அது பாதி உண்மையாகிவிடும். கையால் அறுத்த காலத்தில் நெல்லுக்கு நடுவே முளைத்திருந்த உளுந்து தப்பியது. இன்று அறுவடை இயந்திரத்தின் சக்கரமும் பெல்ட்டும் முளையை நசுக்குகின்றன. இயந்திரம் இறங்க வேண்டும் என்பதற்காக வயலை முன்னதாகவே வடியவிடுவதால் ஈரமும் போய்விடுகிறது. மஞ்சள் தேமல் நோய் வந்தால் மீதியும் போயிற்று. புதுக்கோட்டை மாவட்டம் வம்பனில் பயறு வகைகளுக்கென்றே ஆராய்ச்சி மையம் இருக்கிறது. தேமலைத் தாங்கும் ரகங்களை அது தந்துகொண்டுதான் இருக்கிறது. அந்த விதை மார்கழிக்குள் வேளாண் விரிவாக்க மையத்துக்கு வந்து சேர்கிறதா என்பதே கேள்வி. தை பிறந்த பிறகு வரும் விதை மூட்டையால் யாருக்கும் பயனில்லை. இயந்திர அறுவடைக்குப் பிறகு விதைக்கத் தோதான முறையைக் கண்டறிந்து பரப்புவதும் அரசின் பொறுப்பே.

2025 அக்டோபரில் 11,440 கோடி ரூபாயில் பருப்புத் தற்சார்பு இயக்கத்தை மத்திய அரசு தொடங்கியிருக்கிறது. 2030-31க்குள் 350 லட்சம் டன் விளைச்சல் இலக்கு. பதிவு செய்துகொள்ளும் விவசாயிகளிடமிருந்து துவரை, உளுந்து, மைசூர் பருப்பு ஆகியவற்றை நான்கு ஆண்டுகளுக்கு முழுவதுமாக கூட்டுறவு அமைப்புகளான நாஃபெட்டும் என்.சி.சி.எஃப். நிறுவனமும் வாங்கிக்கொள்ளும் என்ற உறுதிமொழியும் அதில் உள்ளது. நல்ல வாக்குறுதிதான். ஆனால் ஒரு கையால் விதை கொடுத்துவிட்டு, மறு கையால் துறைமுகத்தைத் திறந்து வைத்தால் இந்த இயக்கமும் 2016இன் கதையைத்தான் மறுபடி நடத்தும். கிடங்கில் விலையில்லாச் சரக்கும், அதை வாங்கிய கணக்கில் அரசுக்கு நஷ்டமும் மிஞ்சும். மறு ஆண்டு விவசாயி நெல்லுக்கோ கரும்புக்கோ மக்காச்சோளத்துக்கோ போய்விடுவார். அதற்கடுத்த ஆண்டு நாம் மறுபடி கப்பலைத் தேடுவோம்.

ஆகவே மத்திய வர்த்தக அமைச்சகம் உளுந்துக்கான தடையற்ற இறக்குமதியை மார்ச் 31க்குப் பிறகு நீட்டிக்கக் கூடாது. மியான்மர் ஒப்பந்தத்தை மாதவாரி வரத்து அட்டவணையோடு புதுப்பிக்க வேண்டும். தமிழக அரசு டெல்டா மாவட்டங்களின் விற்பனைக் கூடங்களில் உளுந்துக் கொள்முதலை அறுவடைக்கு முன்பே தொடங்கிவிட வேண்டும். காயவைக்கக் களமும் தார்ப்பாயும் தர வேண்டும். டெல்டாவிலிருந்து சென்ற நாடாளுமன்ற உறுப்பினர்கள், எந்தக் கட்சியினராக இருந்தாலும், நீட்டிப்பு அறிவிக்கை வந்த பிறகு கண்டன அறிக்கை விடுவதைவிட, வருவதற்கு முன் அமைச்சரைப் பார்த்து இதைக் கேட்பது நல்லது.