டம்ளரும் ஒரு கல்யாணப் பத்திரிகையும்

மழை விட்ட இரவில் ட்யூப்லைட்டைச் சுற்றிவிட்டுச் சுவரில் ஒட்டிக்கொள்ளும் பச்சை வெட்டுக்கிளிக்கு நம் வீடுகளில் காத்திருப்பது துடைப்பம், இல்லையென்றால் பூச்சிக்கொல்லி ஸ்ப்ரே. இரக்கமுள்ளவர்கள் காலைப் பிடித்துத் தூக்கி ஜன்னலுக்கு வெளியே வீசுகிறார்கள். அந்த இரக்கத்திலும் ஒரு கோளாறு இருக்கிறது. பின்னங்காலைப் பிடித்தால் அதைக் கழற்றிக் கையில் விட்டுவிட்டுத் தப்புவதுதான் இப்பூச்சியின் தற்காப்பு. பல்லியின் வால் போல அந்தக் கால் மறுபடி வளராது. இறக்கை முளைத்து முழுதாக வளர்ந்த பூச்சி அதற்குப் பிறகு தோலுரிப்பதில்லை. தோலுரிக்காத உடலில் புதுக்கால் ஏது? முன்னங்காலைப் பிடித்து இழுப்பது இன்னும் மோசம். முழங்காலுக்குச் சற்றுக் கீழே இருக்கும் சிறு பிளவுதான் அதன் காது. உயிரோடு வெளியேற்றினோம் என்று நாம் நிம்மதியாகப் படுக்க, அது நொண்டியாகவோ பாதிச் செவிடாகவோ புதரில் கிடக்கும்.

இவ்வளவு அவசரம் ஏன் என்று பார்த்தால், பாதிக்கு மேல் ஆள் மாறாட்டம். 2020இல் ராஜஸ்தானிலும் மத்தியப் பிரதேசத்திலும் பாலைவன வெட்டுக்கிளிக் கூட்டம் இறங்கிய செய்தி வந்ததிலிருந்து, பச்சையாகத் தத்துவதெல்லாம் நமக்குப் படையெடுப்புதான். அடையாளம் காண்பது எளிது: பாலைவன வெட்டுக்கிளியின் உணர்கொம்பு குட்டை, நம் சுவரில் இருப்பதன் உணர்கொம்போ மயிரிழைபோல் உடலைவிட நீண்டிருக்கும். பெண் பூச்சியின் பின்புறம் வாள்போல நீள்வது கொடுக்கல்ல, முட்டையைச் செருகும் உறுப்பு. பெரிய இனங்களை விரலால் நசுக்கிப் பிடித்தால் சுருக்கென்று கடிக்கும்; விஷம் கிடையாது. இலை தின்னும் பூச்சிக்கு ஏன் பரிவு என்ற கேள்வியில் நியாயம் இருக்கிறது. அமெரிக்காவின் மேற்கு மாநிலங்களில் இதன் உறவினமான ‘மார்மன் கிரிக்கெட்’ கூட்டமாய்த் திரண்டு பயிரை அழிப்பதும் உண்மைதான். ஆனால் வரவேற்பறையில் ஒண்டியாக உட்கார்ந்திருப்பதைக் கொன்றால் எந்த வயலும் பிழைத்துவிடப் போவதில்லை.

செய்யவேண்டியது சின்ன வேலை. கண்ணாடி டம்ளரை மெல்லக் கவிழ்த்து, உணர்கொம்பும் கால்களும் விளிம்பில் மாட்டாமல் பார்த்து, சுவருக்கும் டம்ளருக்கும் இடையே கெட்டியான அட்டையை நுழைத்தால் போதும். தேதி முடிந்த கல்யாணப் பத்திரிகை இதற்கு நன்றாக உதவும். பாட்டிலில் அடைத்து மூடிவைக்க வேண்டாம். ‘காட்டில் கொண்டுபோய் விட்டால் நன்றாக இருக்குமே’ என்று சிலர் வண்டியெடுப்பதும் தேவையில்லாத புண்ணியம். ஆண் பூச்சி முன்னிறக்கைகளை உரசிப் பாடுவதும், அதைக் கேட்டு இணை சேர்வதும் இந்தத் தெருவோரச் செடிகளில்தான். பழகிய தழையும் இங்கேதான். காம்பவுண்டுக்குள் இருக்கும் செம்பருத்தியோ கொய்யாவோ போதும். அதுவும் இரவிலேயே விடுவது நல்லது. பகலில் விட்டால் காக்கையும் மைனாவும் பார்த்துக்கொண்டிருக்கும். அதற்கு முன் வாசல் விளக்கை அணைக்க வேண்டும். பூச்சி உள்ளே வந்ததே வெளிச்சத்தைப் பார்த்துத்தான், அணைக்காவிட்டால் பத்து நிமிடத்தில் அதே சுவருக்குத் திரும்பிவிடும். பிறகு உதறவோ தட்டவோ வேண்டியதில்லை. அட்டையை இலையோரம் சாய்த்து வைத்தால், உணர்கொம்பால் தடவிப் பார்த்துவிட்டு அதுவே ஏறிக்கொள்ளும்.