சாரணர் தலைமை: பட்டமா, பணியா?

(இரண்டாம் ஆண்டு பி.எஸ்ஸி., வேதியியல்)

"சாரணர்" என்ற சொல்லைக் கேட்டவுடன் நம்மில் பலருக்கு நினைவுக்கு வருவது பள்ளி ஆண்டு விழாதான். வாசலிலிருந்து மேடை வரை இரு வரிசையாகச் சிறுவர்கள் நிற்பார்கள். கழுத்தில் ஸ்கார்ஃப், தோளில் கயிறு, இடுப்பில் பெல்ட். சிறப்பு விருந்தினரின் கார் வந்து நின்றதும் விசில் ஊதும்; எல்லாக் கைகளும் ஒரே நேரத்தில் வணக்கத்துக்கு உயரும். விருந்தினர் புன்னகையோடு கடந்து செல்வார். 2 மணி நேரம் வெயிலில் நின்ற சிறுவர்களுக்கு ஒரு மிக்சர் பொட்டலம் கிடைக்கும். அந்த வரிசையின் முன்னால் விசிலுடன் நிற்பவன்தான் 'லீடர்'. உயரமானவன், குரல் கணீரென்று இருப்பவன், சீருடையைச் சொந்தக் காசில் தைத்துக்கொள்ள வசதி உள்ளவன் ஆகியோருக்கே பெரும்பாலும் அந்த இடம் போய்ச் சேரும்.

இயக்கத்தைக் குறை கூறுவது என் நோக்கமன்று. மரக்காணம் வட்டாரத்து அரசுப் பள்ளி ஒன்றில் சாரணனாகச் சேர்ந்து, அணித் தலைவனாகவும் இருந்தவன் நான். அந்த இயக்கம் எனக்குத் தந்தது அதிகம். ஆனால் தலைமை என்பதை அங்கே பலர் பட்டமாகவே எண்ணுகிறார்கள். அது ஒரு பணி. இந்த வேறுபாடு எங்கள் உப்பளக் கடற்கரையில் சிறிய விஷயமன்று என்பதே நான் சொல்ல வந்தது.

வரலாற்றைச் சற்றே புரட்டுவோம். 1907ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் இங்கிலாந்தின் பிரவுன்சீ தீவில் பேடன் பவல் சுமார் 20 சிறுவர்களுடன் ஒரு வாரம் கூடாரமிட்டுத் தங்கினார். சிறுவர்கள் நான்கு அணிகளாகப் பிரிக்கப்பட்டனர். ஒவ்வோர் அணிக்கும் அவர்களிலேயே மூத்த பையன் ஒருவன் பொறுப்பு. இரவுக் காவல் முறை வைத்து ஒவ்வோர் அணிக்கும் வந்தது. பெரிய வீட்டுப் பிள்ளைகள் படிக்கும் பள்ளிகளிலிருந்து வந்தவர்களும், உழைக்கும் குடும்பத்துப் பையன்களும் அங்கே கலந்தே இருந்தனர். அணிவகுப்பு, சல்யூட் எல்லாம் இராணுவத்தில் ஏற்கெனவே இருந்தவை. சிறுவனை நம்பிச் சில சிறுவர்களை ஒப்படைப்பதுதான் அந்தத் தீவில் செய்து பார்க்கப்பட்ட புதுமை.

இந்தியாவுக்கு 1909இல் இந்த இயக்கம் வந்தபோது, பெங்களூரில் அது ஐரோப்பிய, ஆங்கிலோ இந்தியச் சிறுவர்களுக்கு மட்டுமே என்றிருந்தது. நம் பிள்ளைகளுக்குக் கதவு அடைத்தே கிடந்தது. 1916இல் சென்னையில் அன்னி பெசன்ட் அம்மையார் இந்தியச் சிறுவர்களுக்கென்று தனிச் சங்கம் கண்டார். 1921இல் பேடன் பவல் இந்தியா வந்தபோதுதான் இரண்டும் இணைந்தன. பிறகு பல சங்கங்கள் தோன்றி, பிரிந்து, கூடி, 1950 நவம்பர் 7ஆம் நாள் பாரத சாரணர் இயக்கம் உருவாயிற்று; மறு ஆண்டில் சாரணியரும் சேர்ந்தனர். அதன் வைர விழாப் பெருந்திரளணி 2025 தொடக்கத்தில் நம் மாநிலத்தின் மணப்பாறையிலேயே நடந்தது. வெளியே நிறுத்தப்பட்ட சிறுவர்களை உள்ளே கொண்டுவரப் போராடிய வரலாறு இது. ஆகவே, இன்று வெளியே நிற்பவர் யார் என்று கேட்கும் கடமை இந்த இயக்கத்தில் இருப்போர்க்கு மற்றவர்களைவிட அதிகம்.

இனி எங்கள் ஊருக்கு வருகிறேன்.

உப்பளத்தில் வளரும் பிள்ளைக்குத் தெரிந்த முதல் தலைவர் மேஸ்திரிதான். விடியுமுன்னே பாத்தியில் இறங்கி உப்பு வாருவார்கள் ஆண்கள். கூடையில் சுமந்து மேட்டில் கொட்டுவார்கள் பெண்கள். மேஸ்திரி வரப்பின்மேல் நிற்பார். யார் எத்தனை நடை சுமந்தார்கள் என்று கணக்கு வைப்பார். யார் காலில் வெடிப்பு, யார் கண் எரிகிறது என்பதெல்லாம் அவர் கணக்கில் சேராது. அவரைக் குற்றம் சொல்லிப் பயனில்லை. அவருக்கு மேலே ஒருவர் அவரை எண்ணிக்கொண்டிருக்கிறார். ஆனால் இதையே பார்த்து வளர்ந்த பையன் கையில் ஒரு விசிலைக் கொடுத்து "நீதான் லீடர்" என்றால் அவன் என்ன செய்வான்? வரப்பின்மேல்தான் ஏறி நிற்பான்.

அணித் தலைவனுக்கு உண்மையில் உள்ள வேலை என்ன? ஓர் அணியில் 6 முதல் 8 பேர். அவர்களில் யார் காலையில் சாப்பிடாமல் வந்தான் என்று அவனுக்குத் தெரிய வேண்டும். யாருக்கு நீச்சல் தெரியாது, யாருக்கு வலிப்பு வரும், உப்புக் காலம் தொடங்கியதும் யார் தம்பி தங்கைகளைப் பார்த்துக்கொள்ள வீட்டில் நின்றுவிடுவான் என்பதெல்லாம் தெரிய வேண்டும். முடிச்சு கட்டத் தெரியாதவனுக்குத் தானே உட்கார்ந்து சொல்லித்தர வேண்டும். முகாமில் கடைசியாகச் சாப்பிட வேண்டும். அணித் தலைவர்கள் கூடும் மன்றத்தில் தன் அணியின் குறையைச் சாரண ஆசிரியரிடம் அஞ்சாமல் எடுத்துச் சொல்ல வேண்டும். இவற்றில் ஒன்றுக்குக்கூட உயரமோ கணீர்க் குரலோ தேவைப்படுவதாகத் தெரியவில்லை.

விருந்தினர் வரிசையில் நிற்பதும் வீண் என்று சொல்லிவிட முடியாது. 1957 அக்டோபர் 2ஆம் நாள் தில்லி ராம்லீலா மைதானத்தில் பிரதமர் நேரு அமர்ந்திருந்த பந்தலில் தீப்பற்றியது. பிரமுகர்கள் பகுதியில் பணிக்கு நிறுத்தப்பட்டிருந்த 14 வயதுச் சாரணன் ஹரீஷ் சந்திர மெஹ்ரா கம்பத்தில் ஏறி, தன் கத்தியால் பந்தல் துணியை அறுத்துத் தீ பரவாமல் தடுத்தான். சிறுவர்களுக்கான தேசிய வீரதீர விருது தொடங்குவதற்கே அந்த நிகழ்ச்சிதான் காரணம். அன்று அவனுக்கு உதவியது சல்யூட் அன்று. ஏறத் தெரிந்ததும், அறுக்கத் தெரிந்ததும், எவர் கட்டளைக்கும் காத்திராததும்தான்.

சீருடை விஷயத்தையும் சொல்லியாக வேண்டும். சட்டை, பேண்ட், தொப்பி, ஸ்கார்ஃப், பெல்ட், ஷூ என்று அடுக்கினால் உப்பளக் கூலியில் பல நாட்கள் அதற்கே போய்விடும். சேர விரும்பி, விலையைக் கேட்டுத் திரும்பிய பிள்ளைகளை நான் அறிவேன். சீருடைகளைப் பள்ளியின் பொதுச் சொத்தாக வைத்து, வளர்ந்தவன் கழற்றியதை அடுத்தவனுக்குக் கொடுத்தால் என்ன குறைந்துவிடும்? பழைய சட்டை மானக்கேடு என்பார்கள். என் அண்ணன் சட்டையைப் போட்டுக்கொண்டுதான் இந்தக் கல்லூரிக்கு விண்ணப்பம் கொடுக்க வந்தேன்.

இதைவிடக் கடுமையான கேள்வி, அணிகளை எப்படிப் பிரிப்பது என்பது. பிள்ளைகள் சேர்ந்து வீடு திரும்ப வசதியாக இருக்கும் என்று தெருவாரியாகப் பிரிக்கும் வழக்கம் உண்டு. நல்லெண்ணத்தில் செய்வதுதான். ஆனால் எங்கள் பகுதியில் தெருவாரியாகப் பிரித்தால் ஊர் ஓர் அணி, காலனி ஓர் அணி, குப்பம் ஓர் அணி என்றுதான் வரும். வெளியே இருக்கும் வேலியை உள்ளே நாமே நட்டதாகிவிடும். முகாமில் மூன்று அடுப்பு, மூன்று குண்டான். பிறகு அணிகளுக்கு இடையே போட்டி வைத்து, எந்த அணி பெரிது என்று கத்தவும் விடுகிறோம்! நண்பர்களே, இது விளையாட்டன்று. கலந்து பிரிக்க வேண்டும்; தலைமையும் ஆண்டுதோறும் மாற வேண்டும். காலனிப் பையன் தலைவனாக இருக்கும் அணியில் ஊர்ப் பையன் அவன் சொல் கேட்டு விறகு பொறுக்கும் நாள் வராவிட்டால், அந்த முகாமில் அவர்கள் முடிச்சுப் போடக் கற்றதோடு சரி. பெற்றோர் சிலர் முணுமுணுப்பார்கள். அந்த முணுமுணுப்பைத் தாங்குவது பெரியவர்களான தொண்டர்களின் வேலை. அதைப் பையன் தலையில் சுமத்தக் கூடாது.

பையனின் பொறுப்புக்கும் ஓர் எல்லை உண்டு. 2020 நவம்பர் 25ஆம் நாள் இரவு தொடங்கி மறுநாள் அதிகாலைக்குள் நிவர் புயல் புதுச்சேரி, மரக்காணம் பகுதியை ஒட்டிக் கரையைக் கடந்தது. அப்போது கொரோனாவால் பள்ளிகள் மூடிக் கிடந்தன. சாரணர் கூட்டமும் இல்லை. தாழ்வான இடத்தில் இருந்த எங்களை முன்னதாகவே பாதுகாப்பான கட்டடத்துக்கு அழைத்துச் சென்றார்கள். என்னிடம் அணி நோட்டு இருந்தது. பையன்களின் பெயர், வீடு, வீட்டில் எத்தனை பேர், பெற்றோர் போன் எண் எல்லாம் அதில் உண்டு. நானும் என் உதவித் தலைவனும் அதைப் பார்த்து ஒவ்வொரு குடும்பமாக எண்ணினோம். ஒரு வீட்டில் பாட்டி மட்டும் வரவில்லை என்பது அந்த எண்ணிக்கையில் தெரிந்தது. பெரியவர்களிடம் சொன்னோம், அவர்கள் போய்க் கைத்தாங்கலாக அழைத்து வந்தார்கள். நாங்கள் செய்தது அவ்வளவே. நாங்களே காற்றில் ஓடியிருந்தால் பத்திரிகையில் படம் வந்திருக்கலாம். தேட வேண்டியவர்கள் மூவராகியிருப்போம். எண்ணுவது, சொல்வது, சிறியவர்களை ஓரிடத்தில் அமர்த்துவது ஆகியவை 15 வயதுக்கு ஏற்ற பொறுப்புகள். அதற்கு மேல் போவது பெரியவர்களின் கடன்.

அந்தப் பெரியவர்கள் யார்? பெரும்பாலும் ஓர் ஆசிரியர். பாடம் நடத்தி, தேர்வுத் தாள் திருத்தி, அதற்கு மேல் சாரண ஆசிரியராகவும் இருப்பவர். இதற்கென்று தனி ஊதியம் கிடையாது. அவர் மாற்றலாகிப் போனால் பல பள்ளிகளில் சாரணர் படையும் அவரோடு போய்விடும். கயிறுகளும் கூடாரமும் அறையில் பூட்டிக் கிடக்கும். ஆகவே வெளியிலிருந்து தொண்டர்கள் வர வேண்டும் என்பதில் ஐயமில்லை. ஆனால் எப்படிப்பட்டவர்கள், எந்தக் கட்டுப்பாட்டுக்குள்?

"சும்மா சேவைதானே செய்கிறார், அவரைப் போய்ச் சோதிப்பதா?" என்ற தயக்கம் நம்மிடம் இருக்கிறது. அது ஆபத்தானது. 2024 ஆகஸ்டில் கிருஷ்ணகிரி மாவட்டத்தில் வெளிவந்த செய்தியை மறந்திருக்க மாட்டோம். தேசிய மாணவர் படையின் பெயரைச் சொல்லித் தனியார் பள்ளி ஒன்றில் போலி முகாம் நடந்தது. அதில் ஒரு மாணவி பாலியல் கொடுமைக்கு ஆளானாள். சீருடையும் விசிலும் பார்த்தார்களே தவிர, இவரை அனுப்பியது யார் என்று கேட்டவர் இல்லை. கெட்ட எண்ணம் இல்லாத இடத்திலும் விபத்து நேரும். 1912 ஆகஸ்டு 4ஆம் நாள் இங்கிலாந்தில் லேஸ்டவுன் கடற்கரைக்கு அருகே சாரணர் சென்ற படகு திடீர்க் காற்றில் கவிழ்ந்து 9 சிறுவர்கள் மாண்டனர். கடலோரத்தில் பிறந்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. பக்கிங்காம் கால்வாயில் ஒரு படகுச் சவாரி என்று இங்கே யாரும் எளிதாகச் சொல்லிவிடலாம். காற்று தொண்டரின் நல்ல மனத்தைப் பார்த்து வீசுவதில்லை.

எனவே பெரியவர் எவரானாலும், நாளை நானே ஆனாலும், மாவட்ட அமைப்பில் பதிவு பெற்று, பயிற்சி முடித்த பின்பே பிள்ளைகளிடம் வர வேண்டும். ஒரு பெரியவர் தனியாக ஒரு பிள்ளையோடு இருக்கும் நிலை முகாமில் எங்கும் கூடாது. சாரணியர் முகாம் என்றால் பெண் பொறுப்பாளர்கள் உடன் தங்க வேண்டும். அவர்கள் கிடைக்காவிட்டால் முகாமைத் தள்ளிவைக்க வேண்டும்.

இன்னொன்றும் உண்டு. முகாமுக்கு முன் பெற்றோரிடம் ஒப்புதல் படிவம் வாங்குவார்கள். என் தாய் எழுதப் படிக்கத் தெரியாதவர். முதன்முறை நான் கொண்டுபோன படிவத்தில் கைநாட்டு வைத்துக் கொடுத்தார். அதில் எந்த ஊர், எத்தனை நாள், யார் பொறுப்பு, அவசரத்துக்கு எந்த எண் என்பதெல்லாம் எழுதியிருந்தது. அவருக்கு ஒன்றும் தெரியாது. படித்துக் காட்டாமல் வாங்கும் கைநாட்டை ஒப்புதல் என்று நான் ஏற்க மாட்டேன். வீட்டுக்குச் சென்று, அமர்ந்து, படித்துச் சொல்லி, அவர்கள் கேட்கும் கேள்விக்குப் பதில் தந்து, பிறகு வாங்க வேண்டும். இதற்கு நேரம் பிடிக்கும். ஒரு ஆசிரியரால் முடியாது.

இங்கேதான் நம் பங்கு வருகிறது. 25 வயது வரை திரிசாரணராக இருக்க இயக்கத்தில் இடமுண்டு. நாட்டு நலப்பணித் திட்டத்தில் இரண்டாண்டில் 240 மணி நேரம் பணி செய்கிறோம். அதில் எவ்வளவு நேரம் வளாகத்துப் புல்லை வெட்டுவதில் கழிகிறது என்பது வாசகர்களுக்குத் தெரியாததன்று! நம்மில் பலர் வீட்டிலேயே முதன்முதலாகக் கல்லூரி வாசலை மிதித்தவர்கள். பன்னிரண்டாம் வகுப்பு முடித்து ஓராண்டு உப்பளத்தில் நின்ற பிறகே நான் இங்கு வந்தேன். படிவத்தைப் படித்துக் காட்ட எங்கள் தெருவில் ஆள் தேடினால் நாங்கள்தான் இருக்கிறோம். ஒரு பள்ளிக்கு இருவர் என்று, சாரண ஆசிரியருக்கு உதவியாகப் போகலாம்.

மாலையில் கடை வேலைக்குப் போகும் நண்பர்களால் முடியாது என்பதை அறிவேன். அவர்களைக் கட்டாயப்படுத்துவது நியாயமன்று. சான்றிதழுக்காக மட்டும் வருபவர்களும் வேண்டாம். 8 பேர் கிடைத்தால் 4 பள்ளிகளுக்குப் போதும். முதலில் மாவட்ட அமைப்பிடம் விண்ணப்பித்துப் பயிற்சிக்கு நாள் கேட்க வேண்டும். திண்டிவனத்தில் 4 மணிப் பேருந்தைப் பிடித்தால் இருட்டுவதற்குள் மரக்காணம் சேர்ந்துவிடலாம். உப்பளம் போன தாய்மார்கள் அந்நேரம் வீட்டில்தான் இருப்பார்கள்.