சொன்னது ஒன்று, கேட்டது ஒன்று

ஒரு நாடகம் நன்றாயிருக்கிறதா என்று தீர்ப்புச் சொல்ல வேண்டியவர் யார்? விமரிசகரா, ஜனங்களா? இந்த வழக்கு என்றைக்கும் தீராது. ஆனால் அதைவிட முக்கியமான கேள்வி ஒன்று இருக்கிறது, நேயர்களே! பார்த்தவர்கள் எதை மனத்தில் வாங்கிக் கொண்டு போனார்கள்?

1984 ஜூலை 7-ந் தேதி தூர்தர்ஷனில் 'ஹம் லோக்' என்ற ஹிந்தித் தொடர் ஆரம்பமாயிற்று. நம் தேசத்தில் நெடுந்தொடர்களுக்கு அதுதான் பிள்ளையார் சுழி. எழுதியவர் மனோகர் ஷியாம் ஜோஷி. மெக்ஸிகோவில் நாடகத்தின் மூலமே குடும்பக் கட்டுப்பாட்டைப் பரப்பியதைக் கண்டு, இங்கும் தொடங்கிய காரியம் அது. முதலில் உபதேசம் தூக்கல். 'இதென்ன நாடகமா, பிரசங்கமா?' என்று ஜனங்கள் முகம் சுளித்தார்கள். 13 பகுதிகளுக்குப் பிறகு உபதேசத்தைக் குறைத்து, குடும்பக் கதையைக் கூட்டினார்கள். அப்புறம் கேட்க வேண்டுமா? 1985 டிசம்பர் 17 வரை 156 பகுதிகள் ஓடிற்று. நாலு லட்சம் கடிதங்கள் வந்து குவிந்தன!

அந்தக் கதையில் பாகவந்தி என்று ஒரு தாய். கணவன் பஸேஸர் ராம் குடிகாரன். அவனிடமும் மாமியாரிடமும் வசவு வாங்கிக் கொண்டு, வாய் திறவாமல் உழைக்கிறவள் அவள். 'பெண்கள் இப்படி அடங்கிக் கிடக்கலாகாது' என்று காட்டவே அவளைப் படைத்தார்கள். பின்னால் ஆராய்ச்சியாளர்கள் பார்த்தவர்களிடம் விசாரித்தார்கள். 'பாகவந்தியைப் போலத்தான் இருக்க வேண்டும்' என்றார்கள் பலர். அப்படிச் சொன்னவர்களில் பெண்களே அதிகம்!

உடனே, 'ஜனங்களுக்குப் புரியவில்லை' என்று சிரித்து விடலாம். எனக்குச் சிரிப்பு வரவில்லை. இருபது வருஷம் பொறுத்துப் பொறுத்தே குடும்பத்தைக் கரையேற்றிய ஒருத்தியிடம் போய், 'பொறுமை தப்பு' என்றால், அவள் வாழ்ந்ததெல்லாம் வீண் என்றல்லவா ஆகிறது? அவள் எப்படி ஒப்புவாள்? திரையில் தெரிந்தது பாகவந்தி. அவள் கண்டது தன்னையே.

நடிப்பு எப்படி, வசனம் எப்படி என்று விமரிசகர்கள் எழுதட்டும். இன்றிரவு உங்கள் வீட்டில் தொடர் முடிந்ததும், 'யார் பக்கம் நியாயம்?' என்று ஆளுக்கு ஆள் கேட்டுப் பாருங்கள். பாட்டி ஒன்று சொல்வாள். மருமகள் வேறொன்று நினைத்துக் கொண்டு பேசாமலிருப்பாள். அவளையும் கேளுங்கள்.