செங்கல்லுக்கு இசைவு, செந்தமிழுக்குமா?

ஆர்.கே.பேட்டையைப் போன்ற ஊராட்சிப் பகுதிகளில் பொதுவழிபாட்டுக் கட்டடம் எழுப்ப மாவட்ட ஆட்சியரின் முன்னிசைவு வேண்டும் என்று 1997ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஊராட்சிக் கட்டட ஒழுங்குமுறைகள் வகுத்தன. அதையொட்டி எழுந்த வழக்குகள் பல. அண்டையார் தடை சொல்வர், காவல்துறை பொது அமைதியைக் காட்டும், ஆட்சியர் மறுப்பார், வழக்கு உயர்நயன்மன்றப் படியேறும். பொதுத்தெருவிலும் பூங்காவிலும் எச்சமயத்தின் பெயராலும் இசைவற்ற கட்டடம் எழலாகாது என 2009 செப்டம்பரில் உச்சநயன்மன்றமும் ஆணையிட்டது. தெரு பொதுவானது, மண் பொதுவானது, ஆகவே செங்கல்லுக்கு இசைவு கேட்பதில் முறை உண்டு.

ஆனால், தமிழன் எழுப்பிய கோயிலில், தமிழன் கொடுத்த நிலத்தின் விளைச்சலில் விளக்கெரியும் கோயிலில், தமிழ் ஒலிப்பதற்கும் இசைவு கேட்கச் செய்கின்றார்களே, இதில் என்ன முறை உண்டு?

தில்லையில் நடந்ததை நாடறியும். சிற்றம்பல மேடையில் நின்று தேவாரம் பாட முதியவர் ஆறுமுகசாமிக்கு அரசாணை வேண்டியிருந்தது. ஆணை வந்த பின்னும், 2008 மார்ச்சு 2ஆம் நாள், தீட்சிதர்களின் எதிர்ப்புக்கிடையே, காவலர் சூழத்தான் அவரால் பாட முடிந்தது. 2014 சனவரியில் உச்சநயன்மன்றம் அக்கோயிலின் ஆட்சியைத் தீட்சிதர்களிடமே விட்டது. 2022 மே மாதத்தில், அம்மேடையேறி மக்கள் வழிபடுவதற்கு மீண்டும் ஓர் அரசாணை!

தஞ்சையைப் பாருங்கள். திருப்பதியம் பாட 48 பிடாரர்களை அமர்த்தி, அதைக் கல்லிலும் வெட்டி வைத்தான் இராசராசன். அவன் எடுத்த பெருங்கோயிலின் குடமுழுக்கு 2020 பிப்ரவரி 5இல் நடந்தபோது, தமிழுக்கு இடம் கேட்டு மதுரைக் கிளையில் வழக்காட நேர்ந்தது. தமிழும் வடமொழியும் இரண்டுமே ஒலிக்கலாம் என்ற தீர்ப்பு கிடைத்தது. வீட்டுக்கு உரியவனுக்குத் திண்ணையில் பாதி கிடைத்ததை வெற்றியென்று கொண்டாடும் நிலைக்குத் தமிழன் தள்ளப்பட்டுள்ளான்!

ஆகமம் தடுக்கின்றது என்பர் வடமொழியாளர். அத்தடை எங்குமில்லை என்று 2008இலேயே சென்னை உயர்நயன்மன்றம் கூறிவிட்டது. 2021 ஆகத்தில் 47 கோயில்களில் அரசு தமிழ் வழிபாட்டைத் தொடங்கியதும் மீண்டும் வழக்குத் தொடுத்தனர், அதுவும் தள்ளுபடியாயிற்று. ஆகவே தடை நூலில் இல்லை, சட்டத்திலும் இல்லை. தமிழைத் தாழ்ந்ததென்று எண்ணும் நெஞ்சில்தான் இருக்கின்றது.

அரசும் குற்றத்தினின்று தப்பாது. கோயில்களில் தொங்கும் பலகைகள், ‘தமிழிலும்’ வழிபாடு செய்யப்படும் என்கின்றன. அந்த ‘உம்’ என்னும் ஓரிடைச்சொல்லில் ஈராயிரம் ஆண்டு மொழியின் மானம் அடகு வைக்கப்பட்டுள்ளது. வடமொழி கேளாமல் கிடைக்கும்; தமிழ் கேட்டால் மட்டும் கிடைக்கும். கேட்க நாணுவோரும், கேட்கலாம் என்றே அறியாதோரும் விளங்காத ஒலிக்குத் தலைவணங்கித் திரும்புகின்றனர்.

ஆர்.கே.பேட்டை மக்களுக்கு இவ்வுண்மையை விரித்துரைக்க வேண்டுவதில்லை. 1953இல் ஆந்திரத்துக்குள் அடைபட்ட திருத்தணி வட்டாரம், மங்கலங்கிழார், ம.பொ.சிவஞானம் முதலியோர் முன்னின்ற போராட்டத்தால் 1960 ஏப்பிரல் 1இல் தமிழகத்துக்கு மீண்டது. வடவெல்லையில் மலைக்குன்று மீண்டது. குன்றின்மேல் நிற்கும் முருகன் மீண்டான். அவன் திருமுன் ஒலிக்கவேண்டிய மொழி மட்டும் இன்னும் முழுதாக மீளவில்லை. நிலம் மீட்டவர் மரபுக்கு மொழி மீட்பது கடனன்றோ?

செய்யவேண்டியது ஒன்றே. அறநிலையத்துறைக் கோயில்கள் அனைத்திலும் தமிழே வழிபாட்டு மொழி என்று சட்டம் நேராகச் சொல்லட்டும். வேற்றுமொழியில் வழிபட விரும்புவோர் விண்ணப்பம் எழுதட்டும். இசைவு கேட்டு வாயிலில் நிற்கவேண்டியது வந்த மொழியே. இருந்த மொழி அன்று!